பிழைத்தவர்களை வெற்றியாளர்கள் ஆக்காதீர்கள்

போரில் சிக்கி உயிர்தப்பியவர்கள் எழுதிய நூல்களின் பின்னட்டைகளைப் பாருங்கள். ‘மனித மனத்தின் மகத்தான வெற்றி’, ‘நம்பிக்கையை விதைக்கும் வாழ்க்கை’, ‘எந்த இருளிலும் மீண்டெழலாம் என்பதற்குச் சாட்சி’ என்கிற ரகத்தில் ஏதாவது ஒரு வாசகம் கட்டாயம் இருக்கும். விற்பனைக்காக எழுதப்படுபவைதானே என்று இவற்றைக் கடந்துபோக என்னால் முடிவதில்லை. நாம் நூலைத் திறக்கும் முன்பே, உள்ளே இருப்பவர் தாக்குப்பிடித்தார், மீண்டார், வென்றார் என்ற முடிவை இவை நம் மனத்தில் போட்டுவிடுகின்றன. பிறகு அந்த முடிவுக்குப் பொருந்தும் பக்கங்களை மட்டும் ஊன்றிப் படிக்கிறோம், மற்றவற்றை வேகமாகப் புரட்டுகிறோம். எழுதியவரோ, பெரும்பாலும், அப்படிப் படிக்காதீர்கள் என்று சொல்வதற்காகவே எழுதியிருக்கிறார்.

பிரீமோ லெவியை எடுத்துக்கொள்வோம். இத்தாலியின் தூரின் நகரத்து யூத வேதியியலாளர். 1943 டிசம்பரில் பிடிபட்டு, 1944 பிப்ரவரியில் 650 பேரோடு ஆஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமுக்கு அனுப்பப்பட்டார். அவர் ஏற்றப்பட்ட சரக்குப் பெட்டியில் இருந்த 45 பேரில் மறுபடி தம் வீட்டைப் பார்த்தவர்கள் 4 பேர் மட்டுமே. ‘இஃப் திஸ் இஸ் எ மேன்’ நூலின் முன்னுரையை அவர் எப்படித் தொடங்குகிறார் தெரியுமா? தான் 1944-இல் நாடுகடத்தப்பட்டது தன் அதிர்ஷ்டம் என்கிறார். ஆள்பற்றாக்குறை முற்றியதால், கொல்லப்படவிருந்தவர்களின் ஆயுளைக் கொஞ்சம் நீட்டிக்கலாம் என்று ஜெர்மன் அரசு அதற்குள் முடிவு செய்திருந்தது. துணிச்சல், மனவலிமை, வாழும் வெறி என்று நாம் எதிர்பார்க்கும் எதுவும் அந்த முதல் வாக்கியத்தில் இல்லை. 1945 ஜனவரியில் முகாமைக் காலி செய்து ஏறக்குறைய 20,000 கைதிகளைப் பனியில் நடத்திச் சென்றபோது, லெவி செங்காய்ச்சலோடு நோயாளிகள் கொட்டகையில் கிடந்ததால் பின்னால் விடப்பட்டார். உடல்நலத்தோடு இருந்த அவருடைய உயிர்நண்பர் ஆல்பெர்ட்டோ நடந்துபோனார், திரும்பி வரவில்லை. காய்ச்சல் வந்தவர் பிழைத்தார், வராதவர் இறந்தார். இதை எந்த மனவலிமைக் கணக்கில் சேர்ப்பது? தன் வாழ்வின் கடைசி ஆண்டுகளில் எழுதிய நூலில் லெவி இன்னும் கடுமையாகச் சொன்னார்: நல்லவர்கள் எல்லோரும் இறந்துபோனார்கள், எஞ்சிய நாங்கள் உண்மையான சாட்சிகள்கூட அல்ல.

அந்த முதல் நூலுக்கு என்ன நேர்ந்தது என்பதும் இதோடு சேர்ந்த விஷயம்தான். பெரிய பதிப்பகமான எய்னௌதி அதை மறுத்துவிட்டது. 1947-இல் ஒரு சிறிய பதிப்பகம் 2,500 படிகள் அச்சிட்டது. விற்காமல் ஃபிளாரன்ஸ் நகரத்துக் கிடங்கில் தங்கிய சுமார் 600 படிகள் 1966 வெள்ளத்தில் மூழ்கின. மறுத்த அதே எய்னௌதி 1958-இல் அதை வெளியிட்ட பிறகுதான் உலகம் படித்தது. இடைப்பட்ட 11 ஆண்டுகள் அவர் தூரினில் வண்ணப்பூச்சுத் தொழிற்சாலை ஒன்றில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். முகாமில் தனக்குத் திரும்பத் திரும்ப வந்த ஒரு கனவை அந்த நூலிலேயே எழுதியிருக்கிறார். வீட்டுக்கு வந்துவிட்டார், நடந்ததையெல்லாம் சொல்கிறார், சுற்றியிருப்பவர்கள் கவனிக்காமல் வேறு ஏதோ பேசிக்கொள்கிறார்கள், தங்கை எழுந்து போய்விடுகிறாள். ஆல்பெர்ட்டோவிடம் சொன்னபோது, தனக்கும் அதே கனவுதான், வேறு பலருக்கும் அதுதான் என்கிறார் அவர். பட்டினியில் கிடந்தவர்களுக்கு உணவுக்கு அடுத்தபடி கனவில் வந்த பயம், கேட்க ஆளில்லாமல் போவது.

இந்த இடத்தில் லொரென்சோ பெரோனேயைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அவர் கைதி அல்ல. ஃபொஸ்ஸானோ ஊரைச் சேர்ந்த கொத்தனார், கூலிக்கு வேலை செய்ய வந்தவர். ஆறு மாதம் நாள் தவறாமல் ஒரு துண்டு ரொட்டியும் தன் சாப்பாட்டில் மிச்சத்தையும் லெவிக்குக் கொடுத்தார். ஒட்டுப்போட்ட தன் உள்சட்டையைக் கொடுத்தார். இத்தாலிக்கு லெவி சார்பில் அஞ்சலட்டை எழுதி, பதிலையும் வாங்கி வந்தார். கைம்மாறு எதையும் வாங்கிக்கொள்ளவில்லை. தானும் ஒரு மனிதன் என்பதை மறக்காமல் இருந்தது லொரென்சோவால்தான் என்கிறார் லெவி. தன் இரு பிள்ளைகளுக்கும் அவர் பெயரைத்தான் வைத்தார். பின்னட்டை வாசகம் எழுதுபவர்கள் இங்கே நிறுத்திவிடுவார்கள். லெவி நிறுத்தவில்லை. போருக்குப் பிறகு லொரென்சோ கொத்துவேலையை விட்டார், குடிக்க ஆரம்பித்தார், உலகத்தைப் பார்த்துவிட்டேன், பிடிக்கவில்லை என்று மெல்ல மெல்ல வாழ்க்கையிலிருந்து விலகினார். லெவி அவரை மருத்துவமனையில் சேர்த்தும் பயனில்லாமல் 1952-இல் இறந்தார். முகாம் கைதியாக இல்லாத ஒருவர், முகாமில் பிழைத்தவர்களுக்கு வரும் நோயில் இறந்தார் என்று லெவி எழுதியிருக்கிறார். அந்தக் கடைசிப் பகுதி இல்லாமல் லொரென்சோவின் நன்மையைப் பற்றிப் பேசுவது அவருக்குச் செய்யும் அநீதி என்றே நினைக்கிறேன்.

அமெரிக்கப் பத்திரிகையாளர் ஜான் ஹெர்சியின் ‘ஹிரோஷிமா’வை இன்னொரு காரணத்துக்காக முக்கியமாகக் கருதுகிறேன். 1946 ஆகஸ்ட் 31 தேதியிட்ட நியூ யார்க்கர் இதழின் கட்டுரைப் பக்கங்கள் முழுவதும் அதற்கே ஒதுக்கப்பட்டன. குண்டு விழுந்த நகரத்தில் உயிர்தப்பிய ஆறு பேரின் கதை அது. அவர்களில் ஒருவர் நகமுரா ஹட்சுயோ. கணவர் தையல்காரர், சிங்கப்பூரில் போரில் இறந்துவிட்டார். அவர் விட்டுச்சென்ற தையல் எந்திரம்தான் குடும்பத்துக்குச் சோறு. மூன்று பிள்ளைகளையும் இடிபாடுகளிலிருந்து இழுத்தெடுத்த பிறகு, ஓடுவதற்கு முன் அந்த எந்திரத்தை வீட்டு முன்னால் இருந்த சிமெண்ட் தண்ணீர்த் தொட்டிக்குள் போட்டுவிட்டுப் போகிறார், தீயில் எரிந்துவிடக் கூடாதே என்று. பின்னால் அது துருப்பிடித்த நிலையில் கிடைக்கிறது. எந்திரம் கிடைத்துவிட்டது, பிள்ளைகள் பிழைத்துவிட்டார்கள் என்பதோடு ஒரு நல்ல கதையை முடித்திருக்கலாம். ஆனால் 1985-இல் ஹெர்சி திரும்பிப் போய், அந்த ஆறு பேரின் 40 ஆண்டுகளைத் தனி அத்தியாயமாக எழுதிச் சேர்த்தார். கதிர்வீச்சால் வந்த தீராத சோர்வில் நகமுரா வேலைக்குப் போக முடியாமல் கிடக்கிறார். வைத்தியச் செலவுக்காக அந்தத் தையல் எந்திரத்தையே விற்கிறார். பின்னர் பாச்சை உருண்டை செய்யும் தொழிற்சாலையில் 13 ஆண்டுகள் வேலை செய்கிறார். அணுகுண்டுக்குத் தப்பியவர்கள் அடிக்கடி நோய்வாய்ப்படுவார்கள் என்று முதலாளிகள் வேலை கொடுக்கத் தயங்கினார்கள். அவர்களுக்கு மருத்துவ உதவி தரும் சட்டம் 1957-இல்தான் வந்தது. குண்டு விழுந்தது ஒரு காலை 8:15-க்கு. அதற்கு விலை கொடுத்தது அடுத்த பன்னிரண்டு ஆண்டுகள் மருந்துக்குக் காசில்லாமல் கிடந்தவர்கள். என் கணக்கில், அந்தக் கடைசி அத்தியாயம் இல்லாத ‘ஹிரோஷிமா’ பாதி நூல்தான்.

மீண்டு வந்தவரின் கதையை நாம் கேட்கும் விதமும் ஒரு காயம்தான் என்பதை ‘எ வுமன் இன் பெர்லின்’ போல வேறு எதுவும் எனக்குக் காட்டவில்லை. பெயர் சொல்லாத ஒரு பெண் 1945 ஏப்ரல் 20 முதல் ஜூன் 22 வரை எழுதிய நாட்குறிப்பு அது. சோவியத் படைகள் நுழைந்த பெர்லினில் தனக்கும் தன் கட்டடத்துப் பெண்களுக்கும் நடந்த வல்லுறவுகளையும், உயிரோடு இருப்பதற்காகச் செய்துகொண்ட ஏற்பாடுகளையும் ஒளிக்காமல் எழுதுகிறார். காதலன் போர்முனையிலிருந்து திரும்பி வருகிறான். அவனிடம் குறிப்பேடுகளைக் கொடுக்கிறார், படி என்று. அவனால் படிக்க முடியவில்லை; உங்களுக்கெல்லாம் வெட்கமே இல்லாமல் போய்விட்டது என்கிறான், பிறகு போய்விடுகிறான். 1959-இல் ஜெர்மன் மொழியில் நூல் வந்தபோது நாடும் அந்தக் காதலனைப் போலவே நடந்துகொண்டது; ஜெர்மன் பெண்களின் மானத்தைக் கெடுத்துவிட்டார் என்று ஏசினார்கள். தான் உயிரோடு இருக்கும்வரை மறுபதிப்பு கூடாது என்று அவர் சொல்லிவிட்டார். 2001-இல் இறந்தார், 2003-இல் மறுபதிப்பு வந்தது, ஆயிரமாயிரம் பேர் வாங்கினார்கள்.

வென்ற தரப்பிலும் இதுதான் நிலை. ஸ்வெத்லானா அலெக்ஸீவிச்சின் ‘தி அன்வுமன்லி ஃபேஸ் ஆஃப் வார்’ நூலில் பேசும் சோவியத் பெண்கள் போரை வென்று திரும்பியவர்கள். ஆனால் ஊரார் ஏளனத்துக்குப் பயந்து பதக்கங்களை மறைத்து வைத்தவர்களும், சிவப்பு நிறத்தையே வீட்டுக்குள் சேர்க்க முடியாமல் போனவரும் அங்கே இருக்கிறார்கள். வியட்நாமின் பாவோ நின் எழுதிய ‘தி சாரோ ஆஃப் வார்’ போர் முடிந்த பிறகுதான் தொடங்குகிறது, காட்டில் சிதறிக் கிடக்கும் தோழர்களின் எலும்புகளைப் பொறுக்கிச் சேர்க்கும் ஒரு லாரியில். 1969-இல் அவரோடு படைப்பிரிவில் சென்ற 500 பேரில் மிஞ்சியவர்கள் 10 பேர். அவர் வென்ற நாட்டின் வீரர் என்பதை அந்த நாவலைப் படிக்கும்போது நினைவுபடுத்திக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது.

இதெல்லாம் நமக்குப் புதிதா என்றால், இல்லை. ‘அற்றைத் திங்கள் அவ்வெண்ணிலவில்’ என்று தொடங்கும் பாரி மகளிர் பாட்டு பள்ளிக்கூடத்திலேயே நமக்கு மனப்பாடம். சென்ற மாத நிலவில் தந்தையும் இருந்தார், குன்றும் இருந்தது. இந்த மாத நிலவில் முரசு முழங்கும் வேந்தர்கள் குன்றைக் கொண்டார்கள், தந்தை இல்லை. புறநானூற்றின் 112-ஆம் பாட்டு அது. அழுதுவிட்டு அங்கேயே நின்றுவிடுகிறோம். 200, 201, 202-ஆம் பாட்டுகளை எத்தனை பேர் அதோடு சேர்த்துப் படிக்கிறோம்? பிழைத்த அந்த இரு பெண்களையும் அழைத்துக்கொண்டு கபிலர் விச்சிக்கோனிடம் போகிறார், இருங்கோவேளிடம் போகிறார், இவர்கள் பாரியின் மக்கள், ஏற்றுக்கொள் என்று கேட்கிறார். இருங்கோவேள் மறுத்துவிட, கோபத்தோடு பாடிவிட்டு வெளியேறுகிறார். பறம்பு வீழ்ந்த போரைவிட, தோற்ற வீட்டுப் பெண்களுக்கு உலகத்தில் இடமில்லாமல் போன அந்தப் பயணம்தான் நீளமானது. தொகுத்தவர்கள் அதையும் விட்டுவிடாமல் வைத்திருக்கிறார்கள்.

நம் காலத்துக்கு வந்தால், விடுதலைப் புலிகளின் மகளிர் அரசியல் பிரிவுக்குப் பொறுப்பாக இருந்த தமிழினியின் ‘ஒரு கூர்வாளின் நிழலில்’ அவர் 2015 அக்டோபரில் புற்றுநோயால் இறந்த பிறகு, 2016-இல் வெளிவந்தது. 2009 மே மாதத்துக்குப் பிறகான சிறை, புனர்வாழ்வு முகாம், விடுதலை எல்லாவற்றையும் கடந்து, நோயோடு எழுதிய பெண் அவர். அந்த நூலின் அரசியலோடு முரண்பட எல்லோருக்கும் உரிமை உண்டு. ஆனால் அவர் ஏன் இறக்கவில்லை என்ற தொனியில் கேட்கப்பட்ட கேள்விகளை நான் இன்றும் ஏற்க மாட்டேன். உயிர்தப்பியவரை வீரர் என்று கொண்டாடுவதும், ஏன் தப்பினாய் என்று குறுக்குவிசாரணை செய்வதும் ஒரே வேரிலிருந்து வருபவை: பிழைத்தல் என்பது தகுதியால் கிடைப்பது என்ற எண்ணம். தகுதியால் பிழைத்தார்கள் என்று சொன்னால், இறந்தவர்களுக்குத் தகுதி போதவில்லை என்றாகிறது. இதைத்தான் லெவி கடைசிவரை மறுத்தார்.

அப்படியென்றால் இந்த நூல்களில் ஆறுதலே இல்லையா, துயரத்தை மட்டும் ஏன் சுமக்க வேண்டும் என்று சிலர் கேட்கக்கூடும். நியாயமான கேள்வி. ஆறுதல் இருக்கிறது, ஏராளமாக. லெவியின் ‘தி ட்ரூஸ்’ முகாமிலிருந்து வீட்டுக்கு வரும் பயணத்தைச் சொல்வது. 1945 ஜனவரியில் விடுதலையானவர் அக்டோபரில்தான் தூரினை அடைகிறார். அதில் சாப்பாடு, சிரிப்பு, பேரம், பித்தலாட்டம், ரஷ்யச் சிப்பாய்களின் கூத்து என்று வாழ்க்கை பொங்கி வழிகிறது. அந்த மகிழ்ச்சியை நான் சந்தேகிக்கவில்லை. ஆனால் அதே நூலின் கடைசிப் பக்கத்தில், வீட்டு மேசையின் முன் அமைதியாக அமர்ந்திருக்கும் கனவு கலைந்து, விடியற்காலையில் ‘எழுந்திரு’ என்ற முகாமின் கட்டளை மறுபடி கேட்கிறது. இரண்டையும் ஒரே நூலில் வைக்க அவருக்குத் துணிவு இருந்தது. படிப்பவர்களாகிய நாம் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு போகக் கூடாது என்பதுதான் என் வேண்டுகோள்.

பதிப்பாளர்களும் மொழிபெயர்ப்பாளர்களும் என் நட்பில் இருக்கிறீர்கள். அடுத்த முறை இப்படி ஒரு நூலுக்குப் பின்னட்டை எழுதும்போது, எழுதியவரின் முன்னுரையிலிருந்தே இரண்டு வரிகளை எடுத்துப் போடுங்கள். பெரும்பாலும் அதுவே போதும். வாங்குபவர்கள், ‘ஹிரோஷிமா’வாக இருந்தால், 1985-இல் சேர்க்கப்பட்ட ஐந்தாவது அத்தியாயம் உள்ள பதிப்புதானா என்று பொருளடக்கத்தைப் பார்த்து வாங்குங்கள். லெவியைத் தொடங்குபவர்கள் முதல் நூலோடு ‘தி ட்ரூஸ்’ஸையும் சேர்த்தே எடுங்கள், இரண்டும் ஒரே தொகுதியாகவும் கிடைக்கின்றன.