அனுப்பும்போது தேவைப்பட்டவர், திரும்பும்போது மேலதிகமா?

செவ்வாய்க்கிழமை நடந்ததை நான் மறுபடியும் விவரிக்கப் போவதில்லை. இலங்கை அரச அலுவலகங்களில் வேலை செய்யும் எங்கள் வட்டத்தில் அதை அறியாதவர் இல்லை. இரண்டு ஆண்டுகள் தற்காலிக இணைப்பில், அதாவது வேறோர் அலுவலகத்தில், பணியாற்றிவிட்டுத் தன் அலுவலகத்துக்குத் திரும்பிய ஒரு சகோதரியை, "அனுமதிக்கப்பட்ட ஆளணியில் (பதவிகளின் எண்ணிக்கையில்) வெற்றிடம் இல்லை" என்று சொல்லி மாலை வரை பார்வையாளர் வாங்கிலில் இருத்தி வைத்தார்கள்.

வெற்றிடம் எப்படி இருக்கும்? அது அவருடைய பதவி. தற்காலிகமாக விடுவிக்கப்பட்டவர் பதவி விலகியவர் அல்லர். அவருடைய கதிரையில் இருப்பவர் பதில் கடமைக்கு வந்தவர்; உரியவர் வரும்வரை என்பதுதானே பதில் கடமை?

2022 ஜூனில் வெளியான 14/2022 இலக்கப் பொது நிருவாகச் சுற்றறிக்கை, அரச உத்தியோகத்தர் சம்பளமற்ற விடுமுறையில் 5 ஆண்டுகள் வரை வெளிநாடு சென்று உழைப்பதற்கும், அதனால் சிரேஷ்டத்துவமும் ஓய்வூதியமும் பாதிக்கப்படாதிருப்பதற்கும் இடமளித்தது. நல்லது. ஆனால் சொந்த உழைப்புக்காகக் கட்டாருக்குப் போனவருக்குக் காத்திருக்கும் இடம், அலுவலகமே கடிதம் கொடுத்துக் கொழும்புக்குப் பக்கத்திலுள்ள பத்தரமுல்லைக்கு அனுப்பியவருக்கு மட்டும் ஏன் காத்திருக்கவில்லை?

"விரும்பித்தானே போனார், கொடுப்பனவும் வாங்கினாரே" என்று ஒரு நண்பர் எழுதியிருந்தார். விரும்பிப் போனவரும் திரும்பி வரும் நிபந்தனையோடுதான் போனார், ஐயா. அந்தக் கொடுப்பனவு பஸ் கட்டணத்துக்கே போதவில்லை என்பது வேறு கதை. பதில் கடமையாற்றிய பிள்ளை எங்கே போவார் என்பது நியாயமான கேள்வி. அதை நிருவாகம் இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே யோசித்திருக்க வேண்டும்.

"அநீதி என்றால் நீதிமன்றம் போகலாமே" என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. அரசியலமைப்பின் 126 ஆம் உறுப்புரையின்படி அடிப்படை உரிமை மனுவை 1 மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும். "பார்ப்போம், அடுத்த கிழமை வாருங்கள்" என்று நான்கு தடவை சொன்னால் அந்த மாதம் முடிந்துவிடும். இதை அறியாமல்தான் நிருவாகத்தினர் அப்படிச் சொல்கிறார்கள் என்று நம்புமளவுக்கு நான் அப்பாவி அல்லன்.

எனக்கும் இது நடந்தது. சுனாமிக்குப் பின்னர் 2005 இல், தமிழில் கடிதம் எழுதத் தெரிந்தவர் வேண்டும் என்று என்னை ஓராண்டு மட்டக்களப்புக்கு விடுவித்தார்கள். திரும்பி வந்தபோது என் மேசை இருந்த இடத்தில் போட்டோப்பிரதி இயந்திரம் நின்றது. என் இறப்பர் முத்திரையும், மூக்குக்கண்ணாடிக் கூடும், மகள் வரைந்து தந்த படமும் ஒரு பிஸ்கட் அட்டைப்பெட்டிக்குள் களஞ்சிய அறையில் கிடந்தன. படத்தின் மேல் தேநீர்க் கறை. கோவைகளைக் கேட்டேன். "இப்போது தமிழ் வேலை அவ்வளவாக இல்லையே" என்றார் தலைமை எழுதுவினைஞர், சிரித்துக்கொண்டே. தமிழ் வேலை இல்லையாம்! கொழும்பில், எங்கள் கருமபீடத்தின் முன்னால், வத்தளையிலிருந்தும் கொட்டாஞ்சேனையிலிருந்தும் வந்த சனம் சிங்களப் படிவத்தைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு நிற்கையில்!

அனுப்பும்போது எங்கள் மொழி தேவைப்பட்டது. வந்தபின் நாங்கள் மேலதிகமானோம். செவ்வாய்க்கிழமை அந்த வாங்கிலில் இருந்தவரும் அதே காரணத்துக்காக அனுப்பப்பட்டவர்தான்.

நான் ஏழு மாதங்கள் கதிரையின்றி அலைந்த பின்னரே எனக்கொரு மேசை கிடைத்தது. பழைய மேசையின் லாச்சித் திறப்பை எவரும் திருப்பிக் கேட்கவில்லை. இன்னும் என் திறப்புக் கோர்வையில்தான் கிடக்கிறது.