25 நிமிடமாம்!

200 டிகிரி, 25 நிமிடம், வெளியே மொறுமொறு, உள்ளே பஞ்சு. கடுகு சாஸ் தடவிச் சுடும் உருளைக்கிழங்குச் செய்முறை ஒன்றில் அப்படித்தான் எழுதியிருந்தது. இதை எழுதியவர் ஒரே ஒரு தடவை தன் வீட்டு ஓவனில் அந்தக் கிழங்கை வைத்துவிட்டுக் கடிகாரத்தைப் பார்த்திருந்தால் இந்த வரியை எழுதியிருக்கவே மாட்டார். நேற்று ராத்திரி ட்ரேயைத் தேய்த்த தேய்ப்பில் விரல் நுனி இன்னும் எரிகிறது. அந்த எரிச்சலோடுதான் எழுதுகிறேன்.

ஈரோட்டிலிருந்து நாத்தனார் குடும்பம் வந்திருந்தது. மொத்தம் ஏழு பேர். அவள் பையன் ஏதோ ஒரு ஹோட்டலில் கடுகு சாஸ் தடவிச் சுட்ட உருளைக்கிழங்கைச் சாப்பிட்டுவிட்டு அதையே கேட்டுக்கொண்டிருந்தான். எட்டு வயதுக் குழந்தை ஆசையாகக் கேட்கும்போது முடியாது என்று எப்படிச் சொல்வது? ஒன்றரைக் கிலோ கிழங்கு வாங்கினேன். 300 ரூபாய் கொடுத்துக் கடுகு சாஸ் பாட்டில் வாங்கினேன். செய்முறையில் சொன்னபடியே நாலு கரண்டி கடுகு சாஸ், இரண்டு கரண்டி தேன், ஒரு முழு எலுமிச்சம்பழச் சாறு, பூண்டு, எண்ணெய், உப்பு எல்லாம் கலந்து, பச்சைக் கிழங்கை வெட்டிப் போட்டு இரண்டு மணி நேரம் ஊறவைத்தேன். ராத்திரி முழுக்க ஊறினால் இன்னும் நல்லது என்று வேறு போட்டிருந்தது.

6:40க்கு உள்ளே வைத்தேன். 7:05க்குத் திறந்தால் ட்ரே முழுக்கத் தண்ணீர். கிழங்குகள் அதில் குளித்துக்கொண்டிருக்கின்றன. கத்தி உள்ளே இறங்கவில்லை. சரி, நம் ஓவன் கொஞ்சம் மெதுவாக இருக்கும் என்று மூடினேன். 7:20க்குத் தண்ணீர் பாதி வற்றியிருந்தது, கத்தி பாதி இறங்கியது. பையன் வந்து "அத்தை, வெந்துருச்சா?" என்றான். இன்னும் பத்து நிமிஷம் கண்ணு என்றேன். 7:35க்கு ஓரமெல்லாம் கறுப்பு. தேன் தீய்ந்து ட்ரேயோடு ஒட்டிக்கொண்டது. ஒரு துண்டை எடுத்துப் பிளந்தால் நடுவில் வெள்ளையாக, கடித்தால் நறுக்கென்று பச்சைக் கிழங்கு! வெளியே கரி, உள்ளே பச்சை. மறுபடி மூடினேன். "அத்தை, வெந்துருச்சா?" இன்னும் பத்து நிமிஷம் கண்ணு. 7:50க்குக் குழந்தை சோபாவில் தூங்கிவிட்டான். 8:10க்கு ஹால் முழுக்கப் புகை. நாத்தனார் வீட்டுக்காரர் எழுந்து போய் ஜன்னலைத் திறந்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் திரும்பி வந்து உட்கார்ந்தார். அந்த மௌனம்தான் எனக்குத் தாங்கவில்லை.

அப்போதுதான் என் மாமியார் உள்ளே வந்தார். சாஸ் கிண்ணத்தில் விரலைத் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார். "ஏங் கண்ணு, புளித் தண்ணியில போட்டா கிழங்கு வேகுமா?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. எவ்வளவு எளிய விஷயம்! குழம்பு வைக்கக் கற்றுக்கொடுக்கும் முதல் நாளே சொல்லித் தருவது இதைத்தானே? காய் வெந்த பிறகு புளியைக் கரைத்து விடு, முன்னாலேயே விட்டால் வேகாது. காயின் செல்களை ஒட்டிப் பிடித்திருக்கும் பெக்டின், புளிப்புப் பட்டால் கரைய மறுக்கிறது. அதனால் காய் விறைத்துக்கொள்கிறது. கடுகு சாஸில் வினிகர் இருக்கிறது. அதோடு ஒரு முழு எலுமிச்சம்பழம். அதில் பச்சைக் கிழங்கை இரண்டு மணி நேரம் ஊறப்போடச் சொன்ன ஆளுக்கு இது தெரியாதா? தெரியாவிட்டால் எதற்கு எழுதுகிறார்? உப்பு வேறு கிழங்கிலிருந்து தண்ணீரை வெளியே இழுத்துவிடும். ஈரமாக இருக்கும் வரை எதுவும் மொறுமொறுப்பாகாது, அவியத்தான் அவியும். கோழியை ஊறவைப்பதுபோல் கிழங்கையும் ஊறவைத்தால் ருசி உள்ளே இறங்கிவிடும் என்று நினைத்து எழுதியிருக்கிறார்கள். இரண்டு மணி நேரத்தில் மேல்தோலைத் தாண்டி ஒன்றும் இறங்கவில்லை. நான் பிளந்து, கடித்துப் பார்த்தவள், சொல்கிறேன்.

மாமியார் அத்தனை துண்டுகளையும் எடுத்துக் குழாயடியில் பிடித்துக் கழுவினார். என் 300 ரூபாய் சாஸ் சிங்க்கில் போனது. பிரான்ஸில் இந்தச் சாஸ் செய்யக் கடுகு பெரும்பாலும் கனடாவிலிருந்துதான் போகிறது. 2021இல் அங்கே வறட்சி வந்து, 2022இல் பிரான்ஸ் கடைகளில் கடுகு சாஸ் அடுக்கும் தட்டே காலியாகக் கிடந்தது. அப்படி ஜனங்கள் தேடி அலைந்த பொருளைச் சாக்கடைக்கு அனுப்பவைத்தார்களே! அப்புறம் கறுப்பைச் சீவி, சின்னதாக வெட்டி, குக்கரில் வேகவைத்து, வாணலியில் நம் கடுகைத் தாளித்து, மிளகாய்த்தூள் போட்டுப் புரட்டினார். தட்டுக்கு வந்துவிட்டது. எல்லாரும் நன்றாகச் சாப்பிட்டார்கள். கேட்ட குழந்தைதான் தூங்கிக்கொண்டிருந்தான்.

கிழங்கிலும் ஏமாற்று. மேட்டுப்பாளையம் மண்டியிலிருந்து வந்த ஊட்டிக் கிழங்கு என்று சொல்லி, கிலோவுக்குக் கூடவே வாங்கினார் கடைக்காரர். வீட்டில் கழுவினால் ஊட்டிக் கிழங்கு மாதிரி தெரியப் பூசியிருந்த செம்மண் கரைந்து ஓடி, உள்ளே வழவழவென்று வெளுத்த தோல். வெந்ததும் தித்தித்தது. குளிர்கிடங்குக் கிழங்கு, வேறென்ன! இரண்டு மூன்று டிகிரி குளிரில் மாதக்கணக்கில் கிடந்தால் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். சர்க்கரை ஏறிய கிழங்கு ஓவனில் வேகும் முன்பே கறுக்கும். சிப்ஸ் போடுகிறவர்கள் அந்தக் கிழங்கைத் தொடுவதே இல்லை. சர்க்கரை குறைவாக இருக்க வேண்டும் என்றே குஃப்ரி சிப்சோனா என்று தனி ரகம் உருவாக்கியிருக்கிறார்கள். அந்தத் தித்திப்பின் மேல் இரண்டு கரண்டி தேனையும் ஊற்று என்று செய்முறை சொல்கிறது. கறுக்காமல் என்ன செய்யும்?

கடுகுக்கு வருவோம். கடுகு சிறுத்தாலும் காரம் போகாது என்பார்கள். ஓவனில் ஒரு மணி நேரம் கிடந்தால் போய்விடுகிறது, சுத்தமாகப் போய்விடுகிறது. கடுகைப் பொடித்துத் தண்ணீர் பட்டால்தான் மூக்கில் ஏறும் அந்தக் காரமே பிறக்கிறது. சூடு பட்டால் அது ஆவியாகிப் பறந்துவிடும். அதனால்தானே பச்சடிக்குக் கடுகை அரைத்துக் கடைசியில் பச்சையாக விடுகிறோம்? அந்தக் குழந்தை ஹோட்டலில் ருசித்தது அந்தக் காரத்தைத்தான். ஓவனுக்குள் நுழையும் முன்பே பாட்டிலைக் கவிழ்க்கச் சொல்லும் செய்முறையில் அது எப்படிக் கிடைக்கும்?

இப்படிச் செய்முறையை நம்பி ஏமாறுவது இது மூன்றாவது தடவை. முதல் இரண்டு தடவை என் கைதான் சரியில்லை என்று நம்பினேன். இன்று காலை மீதிக் கிழங்கை எடுத்து நானே செய்து பார்த்தேன். இரண்டு லிட்டர் தண்ணீரில் உப்பும் அரை ஸ்பூன் சமையல் சோடாவும் போட்டு, பெரிய துண்டாக வெட்டிப் பத்து நிமிடம் வேகவைத்தேன். சோடா புளிப்புக்கு நேர் எதிர், மேற்புறத்தைக் குழைத்துவிடும். வடித்து, அந்த ஆவியிலேயே ஈரம் காயவிட்டு, மூடியைப் போட்டுக் குலுக்கினேன். ஓரமெல்லாம் மாவு மாவாகச் சிராய்த்துக்கொண்டது. அந்தச் சிராய்ப்புதான் மொறுமொறுப்பு! எண்ணெயோடு சூடான ட்ரேயில் ஒன்றோடு ஒன்று ஒட்டாமல் பரப்பி, 220 டிகிரியில் 50 நிமிடம், நடுவில் ஒரு தடவை திருப்பிவிட்டேன். கடைசிப் பத்து நிமிடத்தில், பாட்டிலில் மிஞ்சியிருந்த கடுகு சாஸில் பாதி. வெளியே எடுத்த பிறகு மீதிப் பாதி, ஒரு பிழி எலுமிச்சை. தேனே இல்லை. எடுத்துக் கடித்தபோது வந்த சத்தத்துக்குக் குழந்தை படுக்கையிலிருந்து எழுந்து வந்துவிட்டான்.

மொத்தம் ஒன்றரை மணி நேரம் ஆனது. செய்முறை எழுதுகிறவர்களே, அதை எழுதுங்கள்! ஒன்றரை மணி நேரம் ஆகும் என்று எழுதினால் என்ன குறைந்துவிடும்? தெரிந்திருந்தால் ஐந்து மணிக்கே ஆரம்பித்திருப்பேனே. தோல் சீவுவது, வெட்டுவது, ஓவன் சூடேறுவது, ட்ரே தேய்ப்பது எதுவும் உங்கள் கணக்கில் இல்லை. சமைக்கிறவளின் நேரத்தை நேரமாகவே மதிக்காதவர்கள்தான் இப்படி எழுத முடியும். 200 என்று திருகினால் என் ஓவனுக்குள் 170தான் இருக்கிறது. தெர்மாமீட்டர் வாங்கி வைத்துப் பார்த்த பிறகுதான் அதுவும் தெரிந்தது. இதை ஒரு வரி எச்சரித்து எழுதக்கூடாதா?

ஓவனை ஹாலில் ஏன் வைத்திருக்கிறாள் என்று நீங்கள் கேட்கலாம். எங்கள் அபார்ட்மெண்டில் சமையலறைக்கு ஒரே ஒரு 16 ஆம்ப் பாயிண்ட். அதுவும் ஃபிரிட்ஜுக்குப் பின்னால். மிக்சியைக் கழற்றினால்தான் கிரைண்டர், கிரைண்டரைக் கழற்றினால்தான் கெட்டில். ஓவனுக்கு இடமே இல்லை, அதனால் ஹாலில் டிவிக்குப் பக்கத்தில். தீய்ந்த தேன் வாடை இப்போது திரைச்சீலை முழுக்க. வீடு கட்டிக் கொடுத்தவர்கள் பூஜை அறை மார்பிள் என்ன நிறத்தில் வேண்டும் என்று மூன்று தடவை ஃபோன் பண்ணிக் கேட்டார்கள். சமையலறையில் எத்தனை பிளக் பாயிண்ட் வேண்டும் என்று ஒரு தடவைகூடக் கேட்கவில்லை.