அஃபிஃபே ஜாலே நடித்தது மேடையில், திரையில் அல்ல

ஒரு தகவல் பலமுறை பகிரப்பட்டிருக்கிறது: துருக்கி சினிமாவில் நடித்த முதல் முஸ்லிம் பெண் அஃபிஃபே ஜாலே, ஆண்டு 1920 என்று. ஆண்டு சரி, பெயரும் முக்கியமான பெயர்தான். ஆனால் அது சினிமா அல்ல, நாடகம்.

1920-இல் இஸ்தான்புல்லின் காடிகோய் பகுதியில் இருந்த அப்போலோன் அரங்கில் 'யமலார்' என்ற நாடகத்தில்தான் அவர் மேடையேறினார். முஸ்லிம் பெண்கள் மேடையேறத் தடை இருந்த காலம் அது. பெண் வேடங்களை ஆர்மீனிய, கிரேக்கப் பெண்களே ஏற்றார்கள். போலீஸ் தேடி வந்தபோதும் அஃபிஃபே நடிப்பை விடவில்லை. அந்தத் துணிச்சலுக்கு எவ்வளவு மரியாதை கொடுத்தாலும் தகும்.

திரைக்கு முதலில் வந்த முஸ்லிம் பெண்கள் பெதியா முவஹ்ஹித், நெய்யிரே நெயிர் இருவரும். படம் 1923-இல் முஹ்சின் எர்துருல் இயக்கிய 'அதெஷ்தென் கொம்லெக்'. மூலக்கதை எழுத்தாளர் ஹாலிதே எதிப் எழுதிய நாவல். அதன் நாயகி ஆயிஷாவாகத் துருக்கிய முஸ்லிம் பெண்தான் நடிக்க வேண்டும் என்று அவர் வற்புறுத்தியதால்தான் பெதியாவுக்கு அந்த வாய்ப்பே வந்தது.

சரிபார்ப்பது எளிது. அந்த 1923 படத்தின் நடிகர் பட்டியலை எந்தத் திரைப்படத் தரவுத்தளத்திலும் பாருங்கள். இந்த இருவரின் பெயரும் இருக்கும், அஃபிஃபேயின் பெயர் இருக்காது. அப்புறம் அஃபிஃபேயின் வாழ்க்கைக் குறிப்பில் 1920 என்ற ஆண்டைத் தேடுங்கள். அங்கே வருவது ஓர் அரங்கின் பெயர்தான், படத்தின் பெயர் அல்ல.