பியரோ ஏன் பேசவில்லை?

மைம் என்றால் நமக்கெல்லாம் வெள்ளை பூசிய முகம், கோடு போட்ட பனியன், இல்லாத கண்ணாடிச் சுவரைத் தடவுகிற ஒரு ஆள். அதைப் பிரெஞ்சுக்காரர்களின் நாசூக்கு, மொழியைக் கடந்த கலை என்று யாராவது உருகினால் எனக்கு எரிச்சல் வரும். பாரிஸில் அந்த மௌனம் பாதிக்குப் பாதி அரசாங்கம் போட்ட பூட்டு.

1807இல் நெப்போலியன் எட்டு நாடக அரங்குகளை மட்டும் விட்டுவைத்து மற்றவற்றை மூடச் சொன்னார். பிறகு முளைத்த சின்னக் கொட்டகைகளில் வசனம் பேசத் தடை. வசனம் பெரிய அரங்குகளின் சொத்தாம். ஃபியுனாம்புல் என்ற கொட்டகைக்குக் கயிற்றில் நடக்கவும் கரணம் போடவும்தான் அனுமதி. பொஹீமியாவில் (இன்றைய செக் நாட்டுப் பகுதி) பிறந்து கழைக்கூத்தாடிகளோடு ஊர் ஊராகத் திரிந்த ழான் காஸ்பார் தெபுரோ அங்கேதான் பியரோ என்ற ஊமைக் கோமாளி வேடம் கட்டினார். அந்த வேடத்துக்கு வழக்கமான மடிப்பு வைத்த கழுத்துப் பட்டையை எடுத்தெறிந்தார், தலையில் கறுப்புக் குல்லா, முகமெல்லாம் வெள்ளை. மலிவு டிக்கெட்டில் மேலே உட்கார்ந்த கூலிக்கார ஜனம் அவரைக் கொண்டாடியது.

1836இல் தெருவில் வம்பிழுத்த ஓர் இளைஞனைத் தடியால் அடித்துவிட்டார், அவன் செத்துப்போனான். வழக்கில் விடுதலை. ஆனால் கோர்ட்டில் கூட்டம் முண்டியடித்ததே அவர் குரலைக் கேட்கத்தான் என்பார்கள். இத்தனைக்கும் 1830 புரட்சிக்குப் பிறகு அந்தக் கொட்டகையில் பேசத் தடை இல்லை. மற்றவர்கள் பேசினார்கள், பியரோ பேசவில்லை. எனக்கு அவர் பெரிய கலைஞராகத் தெரிவது இந்த இடத்தில்தான்.

சும்மா இருப்பது சுலபமும் இல்லை. இருபதாம் நூற்றாண்டில் எத்தியென் தெக்ரூ இதை இலக்கணமாகவே வகுத்தார். சுவர்மேல் கை வைத்தால் கை அங்கேயே நிற்க வேண்டும், உடம்புதான் நகர வேண்டும். நான் கண்ணாடி முன்னால் செய்து பார்த்தேன். உடம்போடு கையும் கூடவே வந்துவிட்டது, சுவர் போய்விட்டது! (வீட்டில் எல்லோரும் சிரித்தார்கள், அது வேறு.)

அவரிடம் படித்த மார்செல் மார்சோ 1947இல் நசுங்கிய தொப்பியும் சிவப்புப் பூவுமாக பிப் என்ற பாத்திரத்தை உருவாக்கினார். தெருவில் நாம் பார்க்கிற கோடு போட்ட பனியன்காரர்கள் முக்கால்வாசிப் பேர் அவருடைய நகல்தான். அமெரிக்க இயக்குநர் மெல் புரூக்ஸ் 1976இல் எடுத்த மௌனப் படத்தில் ஒரே ஒரு சொல்தான் காதில் விழும். நடிக்க வருகிறீர்களா என்று போனில் கேட்க, மார்சோ சொல்கிறார்: 'நோன்!' (பிரெஞ்சில் 'முடியாது'.)

என்ன சொன்னார் என்று கூட இருப்பவர்கள் கேட்கிறார்கள். தெரியாது, எனக்குப் பிரெஞ்சு வராது என்கிறார் போனை வைத்தவர்.