அந்தப் பையன் வேலையை விடக் கூடாது

போன ஞாயிறு ஆராதனைக்குப் பிறகு நடந்த கமிட்டிக் கூட்டத்தில், எங்கள் சபைப் பையன் ஒருவனை வேலையை விட்டு முழுநேரமாக இறையியல் படிக்க அனுப்பும் தீர்மானத்துக்கு எதிராகக் கை தூக்கினேன். நான் ஒருத்திதான். "தேவன் அழைத்த பிள்ளையை டீச்சர் தடுக்கிறார்" என்று அன்று மாலையே சபைப் புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) பேச்சு வந்துவிட்டது. கூட்டத்தில் காரணம் சொல்ல எனக்கு ஐந்து நிமிடம்தான் கிடைத்தது. அதனால் இங்கே எழுதுகிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மலேசியாவின் நெகிரி செம்பிலான் மாநிலத்தில், பகாவில் எங்கள் சபை சிறியது. முக்கால்வாசிப் பேர் சுற்றியுள்ள தோட்டங்களிலிருந்து தாமான் எனும் குடியிருப்புப் பகுதிக்குக் குடிவந்தவர்கள். லயத்து வீட்டை விட்டு இருபது வருடம் ஆனாலும், புதிதாக யாரையாவது பார்த்தால் "நீங்க எந்தத் தோட்டம்?" என்றுதான் முதலில் கேட்போம். அந்தச் சபையில் வளர்ந்த பையன்தான் இவன். வயது 27. செம்பனை ஆலையில் பாய்லர் வேலை, ஷிப்ட். மனைவி பாலர் பள்ளியில் உதவியாளர், இரண்டு வயதில் ஒரு குழந்தை. அம்மாவுக்கு வாரம் மூன்று முறை டயாலிசிஸ். கொண்டுபோய் விட்டுத் திரும்பக் கூட்டிவருவது இவன்தான். ஊழியத்துக்கு அழைப்பு இருக்கிறது என்று இவன் கமிட்டியில் சொன்னபோது எனக்குக் கண் கலங்கியது. ஓய்வுநாள் பள்ளியில் இவனுக்கு மனப்பாட வசனம் சொல்லிக்கொடுத்தவள் நான்.

கமிட்டி எடுத்த முடிவு இது: வருட இறுதியில் வேலையை விட வேண்டும். வெளியூரில் தங்கி நான்கு வருடம் முழுநேரமாக இறையியல் படிக்க வேண்டும். சபை மாதாமாதம் ஒரு தொகை கொடுக்கும். படித்து முடித்த பிறகு மேலிடம் எங்கே அனுப்புகிறதோ அங்கே போவான்.

இதைத்தான் வேண்டாம் என்றேன். அழைப்பின்மேல் எனக்குச் சந்தேகமே இல்லை. அந்த அழைப்பை எந்த இடத்தில் வைத்து வளர்ப்பது என்பதில்தான் தகராறு.

இவன் இப்போதே என்ன செய்கிறான் என்று பாருங்கள். போன வருடம் எங்கள் சபைக் குடும்பம் ஒன்றில் பெற்றோர் திருமணத்தைப் பதியாமல் விட்டதால் பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தில் சிக்கல். பள்ளியில் சேர்க்கும் நேரம் வந்ததும் அந்தத் தாய் தவித்துப் போனாள். இவன் நான்கு தடவை லீவு எடுத்து அவளோடு பதிவு இலாகாவில் வரிசை நின்றான். மலாயில் பாரம் நிரப்பினான், அதிகாரியிடம் பேசினான். இரவு ஷிப்ட் முடிந்து காலையில் ஜெம்போல் ஆஸ்பத்திரிக்குப் போய் இரண்டு பேருக்கு ஜெபித்துவிட்டுத்தான் வீட்டுக்குத் தூங்கப் போவான். ஆ லோங் எனும் சட்டவிரோத வட்டிக்காரனிடம் கடன் வாங்கி ஒளிந்துகொண்டிருந்த ஒருவனை அவன் வீட்டாரோடு உட்காரவைத்துப் பேசியவனும் இவன்தான். நான்கு வருடம் இவனை இங்கிருந்து எடுத்துவிட்டால் இதையெல்லாம் யார் செய்வது என்பது ஒரு கேள்வி. திரும்பி வரும்போது இதையெல்லாம் ஊழியம் என்று இவனே நினைப்பானா என்பது எனக்கு அதைவிடப் பெரிய கேள்வி.

ஒன்பது வருடத்துக்கு முன் நடந்ததைச் சொல்கிறேன். எங்களுக்கு ஓர் இளம் போதகர் வந்தார். படிப்பில் கெட்டிக்காரர், நல்ல மனுஷர். எங்கே படித்தார் என்று எழுதமாட்டேன், அது இங்கே விஷயமும் இல்லை. அவர் வந்த மூன்றாவது வாரம் சபையில் பத்தொன்பது வயதுப் பையன் ஒருவன் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டான். போதகர் பெட்டி பக்கத்தில் நின்றார். அந்தத் தாய் அவர் கையைப் பிடித்து, "என் புள்ள இப்ப எங்க இருப்பான் பாஸ்டர்?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டாள். அவர் ஆரம்பித்தார். இதைப்பற்றி ஆதிச் சபையில் இப்படி ஒரு கருத்து, பிற்காலத்தில் இன்னொரு கருத்து, வேத அறிஞர்கள் சிலர் சொல்வது என்று போய்க்கொண்டே இருந்தார். குரல் நடுங்கியது. அவர் சொன்னதில் ஒன்றும் தவறில்லை. பக்கத்து வீட்டு இந்து அம்மா வந்து அந்தத் தாயைத் தோளோடு சேர்த்து அணைத்துக்கொண்டு உள்ளே கூட்டிப்போனார்.

அன்று இரவு போதகர் எங்கள் வீட்டுக்கு வந்தார். சாப்பிடச் சொன்னேன், சாப்பிடவில்லை. "டீச்சர், நாலு வருசத்துல யாரும் என்னை ஒரு சாவு வீட்டுக்குக் கூட்டிட்டுப் போகல" என்று அழுதார். அந்த வாக்கியம் இன்றுவரை என் நெஞ்சில் நிற்கிறது. குற்றம் அவருடையது அல்ல. இரண்டு வருடம் இருந்தார், பிறகு ஊழியத்தையே விட்டுவிட்டு வேறு வேலைக்குப் போய்விட்டார். ஒரு நல்ல மேய்ப்பனை நாம் எல்லாரும் சேர்ந்து இழந்தோம்.

என் அம்மா தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டியவர். அம்மா வேலை பழகிய கதையை எங்களுக்குப் பலமுறை சொல்லியிருக்கிறார். முதல் நாளே நல்ல நிரையில் (மர வரிசையில்) விடமாட்டார்களாம். வெட்டி அழிக்கப்போகும் கிழட்டு மரத்தில்தான் பழக வேண்டும். கத்தி பட்டைக்குள் போக வேண்டும், ஆனால் உள் மரத்தைத் தொடக் கூடாது. தொட்டால் காயம். காயம் பட்ட இடத்தில் புதுப்பட்டை ஒழுங்காக வளராது, முண்டும் முடிச்சுமாகிவிடும், பிறகு அந்த இடத்தில் வெட்டவே முடியாது. எவ்வளவு ஆழம் என்று அளவு சொல்லிக்கொடுத்தால் மட்டும் போதாது. பாட்டி பக்கத்தில் நின்று, அம்மாவின் கைமேல் தன் கையை வைத்து, இருட்டில் விளக்கு வெளிச்சத்தில் வெட்டவைத்தாராம். பல மாதங்கள் கழித்துத்தான் தனி நிரை கிடைத்தது. ரப்பர் மரத்துக்கே இவ்வளவு கவனம் எடுத்தார்கள். மனுஷரின் காயத்தைத் தொடப் போகிறவரைப் பழக்க நாம் எடுக்கும் கவனம் இதில் பாதியாவது இருக்கிறதா?

நான் சொல்வது புதுமையும் இல்லை. தமிழ்ச் சபையின் வரலாற்றிலேயே இருக்கிறது. ஜெர்மானிய மிஷனரி சீகன்பால்கு 1706-இல் தரங்கம்பாடியில் கரையேறினார். பிள்ளைகளோடு மணலில் உட்கார்ந்து விரலால் எழுதித் தமிழ் கற்றார். 1716-இல் உள்ளூர் ஊழியர்களைப் பயிற்றுவிக்க ஒரு பள்ளியும் தொடங்கினார். அந்த மிஷனில் குருப்பட்டம் பெற்ற முதல் தமிழர் ஆரோன். அவர் 1718-இல் ஞானஸ்நானம் பெற்றார். பட்டம் கிடைத்தது 1733-இல். நடுவில் இருந்த அந்தப் பதினைந்து வருடத்தின் பெரும்பகுதியில் அவர் உபதேசியாராக, அதாவது பட்டம் பெறாமல் வேதம் கற்பிக்கும் சபை ஊழியராக, ஊர் ஊராக நடந்தார். சனங்களோடு இருந்தபடியேதான் மேய்ப்பரானார். நம் தோட்டங்களில் சைக்கிளில் வந்த உபதேசியார்களை அறுபது வயதைத் தாண்டியவர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். எந்த லயத்தில் யாருக்குக் காய்ச்சல், எந்த வீட்டில் புருஷன் சம்சு குடித்துவிட்டு அடிக்கிறான் என்று அவர்களுக்குத் தெரியும். எங்கள் தோட்டத்துக்கு வந்தவர் பால் ஸ்டோர் வாசலில் நின்றபடியே ஜெபக்கூட்டம் நடத்துவார். அந்த வரிசையை நாம்தான் அறுத்துவிட்டோம். பட்டம் உள்ளவர் ஊழியர், இல்லாதவர் உதவியாள் என்று ஆக்கிவிட்டோம்.

வேறு தேசங்களிலும் இதே சிக்கல் வந்திருக்கிறது. குவாத்தமாலாவில் பிரஸ்பிட்டேரியன் இறையியல் கல்லூரி ஒன்று, குடும்பமும் வயலும் உள்ள கிராமத்துத் தலைவர்கள் வளாகத்துக்கு வந்து தங்க முடியாது என்பதைக் கண்டு, 1963-இல் வகுப்பை அவர்கள் இருக்கும் இடத்துக்கே கொண்டுபோனது. வீட்டில் தானே படிக்கும் பாடம், வாரம் ஒருமுறை ஆசிரியரோடு கூடிப் பேசுவது, கூடவே சபையில் அன்றாட ஊழியம். இந்த மூன்றும் சேர்ந்ததுதான் விரிவாக்க இறையியல் கல்வி. அது பல நாடுகளுக்குப் பரவி, 1971-இல் இந்தியாவில் டாஃப்டீ (TAFTEE) என்ற அமைப்பாகத் தொடங்கியது. மதுரை அரசரடியில் 1969-இல் உருவான தமிழ்நாடு இறையியல் கல்லூரி, மாணவர்களை வளாகத்துக்கு வெளியே ஏழைகள் நடுவில் தங்கிப் படிக்கவைத்ததற்காகவே பேசப்பட்டது.

நமக்கு அருகிலேயே, புக்கிட் புத்தூஸ் மலையைத் தாண்டினால் சிரம்பானில், மெதடிஸ்ட், ஆங்கிலிக்கன், லுத்தரன் சபைகள் சேர்ந்து 1979-இல் தொடங்கிய செமினாரி தியோலோஜி மலேசியா இருக்கிறது. அதற்கு முன்பெல்லாம் நம் ஆட்கள் சிங்கப்பூருக்குப் போய் 1948-இல் தொடங்கிய டிரினிட்டி கல்லூரியில் படித்தார்கள். நான் மேலே சொன்ன போதகர் இந்த இரண்டிலும் படித்தவர் அல்ல, அதைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். நம் நாட்டில் நம் சபைகளே சேர்ந்து ஒரு கல்லூரி கட்டியது எனக்குப் பெருமை. அங்கே உள்ள நூலகமும் ஆசிரியர்களும் நமக்குக் கட்டாயம் வேண்டும். ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல் கார் ஓட்டினால் போய்விடலாம். அப்படியிருக்க, ஒரு பையனைக் குடும்பத்தோடு பிடுங்கி வேறெங்கோ நட வேண்டிய அவசியம் என்ன?

படிப்பு வேண்டாம் என்று சொல்கிறேன் என யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். முப்பத்திரண்டு வருடம் தமிழ்ப்பள்ளியில் பாடம் நடத்தியவள் அப்படிச் சொல்வேனா? எனக்குள்ள பயமே படிப்புக் குறைவதுதான். நம் சனங்களில் பலருக்கு இன்று இறையியல் கற்றுக்கொடுப்பது யார் தெரியுமா? யூடியூப். தமிழ்நாட்டிலிருந்து பேசும் யாரோ ஒருவர், இந்த மாதம் உனக்குக் கார் வரும், அடுத்த மாதம் வீடு வரும் என்கிறார். டயாலிசிஸில் படுத்திருக்கும் அம்மாவுக்கு "விசுவாசம் குறைவு" என்று எழுதி அனுப்புகிறவர்களும் இருக்கிறார்கள். இதற்குப் பதில் சொல்ல யோபுவை ஆழமாகப் படித்தவர் வேண்டும். எபிரெயம் தெரிந்தால் இன்னும் நல்லது.

எங்கள் ஊரில் தினமும் எழும் கேள்விகளைக் கொஞ்சம் பாருங்கள். தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழாவுக்கு வீட்டுக்கு வீடு பணம் கேட்கிறார்கள். கொடுக்கலாமா? அண்ணன் இந்து, தம்பி கிறிஸ்தவன், அப்பா இறந்துவிட்டார். பதினாறாம் நாள் காரியத்தில் தம்பி எங்கே நிற்பது? கட்டிக்கொண்டு போன வீட்டில் பொட்டு வைக்கச் சொல்கிறார்கள் என்று ஒரு பெண் கேட்டால் என்ன சொல்வது? கொரிந்து சபைக்குப் பவுல் எழுதிய கடிதத்தில் விக்கிரகங்களுக்குப் படைத்ததைப் பற்றி இருக்கும் பகுதி எங்களுக்குப் பழங்கதை இல்லை. அது இந்த வாரப் பிரச்சினை. இந்தக் கேள்விகளைப் பாடத்திட்டத்தின் நடுவில் வைத்துக்கொண்டு கிரேக்கம் படித்தால் அந்தக் கிரேக்கம் எவ்வளவு ருசிக்கும்! இந்தப் பையனிடம் இந்தக் கேள்விகள் ஏற்கெனவே இருக்கின்றன. கேள்வி இருக்கும் இடத்திலேயே படிக்கட்டும் என்கிறேன்.

கமிட்டியில் ஒரு மூப்பர், "அரை நாள் ஊழியம், அரை நாள் வேலை என்றால் ஊழியத்துக்கு என்ன மரியாதை?" என்று கேட்டார். எனக்கு மனம் வலித்தது. பவுல் கொரிந்துவில் கூடாரம் தைத்தார். அவர் தங்கியது ஆக்கில்லா, பிரிஸ்கில்லா வீட்டில், அவர்களுக்கும் அதே தொழில். இதைச் சொல்லும் அப்போஸ்தலர் நடபடிகளின் அதே பதினெட்டாம் அதிகாரத்தில் அப்பொல்லோ வருகிறார். அலெக்சந்திரியாவில் பிறந்தவர், பேச்சு வல்லவர், வேதத்தில் தேர்ந்தவர், இன்றைய கணக்கில் முனைவர் பட்டத்துக்குக் குறையாதவர். எபேசுவில் அவர் பேசியதைக் கேட்ட அந்தக் கூடாரத் தொழிலாளித் தம்பதி, அவரைச் சேர்த்துக்கொண்டு தேவனுடைய மார்க்கத்தை அவருக்கு இன்னும் திட்டமாக விளக்கினார்கள். சொல்லிக்கொடுத்தவர்களில் ஒருவர் பெண். அப்பொல்லோவும் உட்கார்ந்து கேட்டார். எங்கள் சபையிலும் பிரிஸ்கில்லாக்கள் இருக்கிறார்கள். நாற்பது வருடமாக வீட்டு ஜெபக்கூட்டம் நடத்துகிறவர்கள், பிணத்தைக் குளிப்பாட்டி உடுத்தத் தெரிந்தவர்கள். எதிர்காலப் போதகர் ஒருவரைப் பற்றி இவர்களிடம் ஒரு வார்த்தை கருத்துக் கேட்டதாக எனக்கு நினைவில்லை. பரீட்சைத் தாளில் அவன் வாங்கும் மதிப்பெண்ணோடு இவர்கள் சொல்வதும் சேர வேண்டும்.

மொழியையும் சொல்லியாக வேண்டும். இவன் பள்ளியில் தமிழ், ஆலையில் மலாய், கைப்பேசியில் ஆங்கிலம். ஆங்கிலத்தில் மட்டும் இறையியல் படித்தால், திரும்பி வந்து ஆங்கிலத்தில் யோசித்துத் தமிழில் மொழிபெயர்த்துப் பிரசங்கம் செய்வான். அப்படிப்பட்ட பிரசங்கத்தைப் பாட்டிகள் மரியாதைக்காகக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். ஆங்கிலப் புத்தகங்களைப் படிக்கட்டும், ஆனால் கட்டுரையைத் தமிழில் எழுதட்டும். "கிருபை" என்றால் என்ன என்று தன் அம்மாவுக்குப் புரியும்படி இரண்டு பக்கம் எழுதத் தெரிந்தால், அவனுக்கு நான் முழு மதிப்பெண் போடுவேன்.

கமிட்டிக்கு நான் எழுதிக் கொடுத்திருப்பது இதுதான். அவன் வேலையில் இருக்கட்டும், சேமநிதியும் சொக்சோ தொழிலாளர் காப்புறுதியும் தொடரட்டும். கொடுப்பதாக ஒத்துக்கொண்ட மாதத் தொகையை அவன் புத்தகத்துக்கும் பாடக் கட்டணத்துக்கும் போட்டுவிட்டு, மிச்சத்தில் அவன் லீவு எடுக்கும் நாட்களின் சம்பளத்தை ஈடுசெய்வோம். கல்லூரியோடு பேசி, வருடத்தில் சில வாரங்கள் தங்கிப் படித்து, மற்ற நாட்களில் இங்கிருந்தே படிக்க வழி கேட்போம். ஓய்வுபெற்ற போதகர் ஒருவர் கோலப்பிலாவில் இருக்கிறார். வாரம் ஒருமுறை வரச் சம்மதித்துவிட்டார், சாவு வீட்டுக்கும் ஆஸ்பத்திரிக்கும் பையனைத் தன் பக்கத்தில் நிறுத்திக்கொள்வதாகச் சொல்லியிருக்கிறார். நான்கு வருடம் ஆறு வருடமாகலாம். ஆகட்டுமே. ஆரோனுக்குப் பதினைந்து ஆனது. குருப்பட்ட விதிகள் இதற்கு இடம் கொடுக்காது என்றால், அந்த விதிகளை மாற்றச் சொல்லி நாம் மாநாட்டுக்கு எழுத வேண்டும். விதியை எழுதியவர்களும் நம் சபையார்தான்.

அவனிடம் இதையெல்லாம் சொன்னபோது கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். பிறகு, "டீச்சர், அம்மாவ விட்டுட்டுப் போறது ஊழியத்துக்குச் செய்ற தியாகம்னு எல்லாரும் சொன்னாங்க. நானும் அப்படித்தான் நெனச்சேன்" என்றான்.

அடுத்த கூட்டம் இந்த மாதக் கடைசியில். அதுவரை சும்மா இருக்கப் போவதில்லை. வியாழன் இரவு எட்டரைக்கு, பகல் ஷிப்ட் முடிந்து குளித்துவிட்டு, அவன் எங்கள் வீட்டுக்கு வருகிறான், கூட இன்னும் இரண்டு பெண்பிள்ளைகளும். ரோமர் நிருபத்தில் தொடங்குகிறோம். என்னிடம் இருக்கும் விளக்கவுரை அட்டை போய்ப் பாதிப் பக்கங்களைக் கரையான் தின்றுவிட்டது. நல்ல தமிழ் விளக்கவுரை யாரிடமாவது இருந்தால் உட்பெட்டியில் சொல்லுங்கள். நானே வந்து வாங்கிக்கொள்கிறேன்.