பழைய வானொலியில் சிவப்புப் பாதரசம் இல்லை

வால்வு எனும் கண்ணாடிக் குழல்கள் கொண்ட பழைய வானொலிகளிலும் தையல் இயந்திரங்களிலும் ‘சிவப்புப் பாதரசம்’ இருக்கிறது, அது முகம் பார்க்கும் கண்ணாடியில் தெரியாது, பூண்டைக் கண்டால் விலகி ஓடும், இலட்சக்கணக்கில் விலைபோகும் என்று ஒரு சகோதரர் எழுதியிருக்கிறார். நல்லெண்ணத்தில்தான் பகிர்ந்திருப்பார். ஆனால் அப்படியொரு பொருளே கிடையாது. சர்வதேச அணுசக்தி முகவரகம் 2004இல் இதை வெளிப்படையாக மறுத்தது. 2009இல் சவூதி அரேபியாவில் இதே கதை பரவி, பழைய தையல் இயந்திரங்களின் விலை தாறுமாறாக ஏறியது.

நீங்களே சோதித்துப் பார்க்கலாம். கொழும்புப் புறக்கோட்டையில் பழைய வானொலி திருத்துபவர் யாரிடமாவது ஒரு வால்வை வாங்கி வெளிச்சத்தில் பிடியுங்கள். கண்ணாடிக் குமிழின் உட்புறம் வெள்ளிபோல ஒரு பூச்சு மினுங்கும். பாதரசம் என்று பலர் நினைப்பது இதைத்தான். அது பெரும்பாலும் பேரியம் என்ற உலோகம். உள்ளே மிஞ்சிய வாயுவை உறிஞ்சிக்கொள்வதற்காக இடப்பட்டது. வால்வைச் சாய்த்துப் பாருங்கள், பூச்சு அசையாது. பாதரசமானால் உருண்டோடும். காற்றுப் புகுந்த வால்வில் அதே பூச்சு பால்போல வெளுத்துப்போயிருக்கும்.

பாதரசம் கந்தகத்தோடு சேர்ந்தால் சிவப்பது உண்மைதான். சித்த மருத்துவத்தில் இலிங்கம் என்பது அதுவே. ஆனால் அது பொடியாகும் திடப்பொருள், காணொளிகளில் காட்டுவதுபோல ஓடும் திரவமல்ல. முகம் பார்க்கும் கண்ணாடியிலும் நன்றாகவே தெரியும்.

தயவுசெய்து இதை நம்பி அம்மம்மாவின் தையல் இயந்திரத்தை உடைத்துவிடாதீர்கள். உள்ளே இருப்பது இரும்பும் எண்ணெயும்தான்.