ஆப்ரா பென்னுக்கு முன்பே எழுதியவர்கள்

"ஆங்கிலத்தில் நாடகம் எழுதிய முதல் பெண் ஆப்ரா பென், அவருக்கு முன் யாருமே இல்லை" என்று ஒரு பதிவு சுற்றி வருகிறது. இது தவறு.

பென்னின் முதல் நாடகம் மேடையேறியது 1670-ல். ஷேக்ஸ்பியர் உயிரோடு இருந்தபோதே, 1613-ல், எலிசபெத் கேரியின் 'மரியத்தின் துயரம்' அச்சில் வந்துவிட்டது. ஏரோது மன்னன் இறந்துவிட்டான் என்ற செய்தி கேட்டு, அழுவதா நிம்மதி அடைவதா என்று அவன் மனைவி மரியம் தவிப்பதில் தொடங்குகிறது நாடகம். மனைவி வாய் திறந்து பேசலாமா என்ற கேள்விதான் அதன் உயிர். எவ்வளவு துணிச்சல்! அதற்கும் முன்பே, 1592-ல், மேரி சிட்னி மொழிபெயர்த்த 'அந்தோனியஸ்' நாடகம் வெளிவந்தது.

சரி, ஏன் மறந்தோம்? இவை பொது அரங்குக்காக எழுதப்பட்டவை அல்ல, வாசிப்புக்கானவை. பென்னின் பெருமை வேறு: எழுத்தையே தொழிலாக்கி வாழ்ந்த முதல் ஆங்கிலப் பெண்களில் அவர் ஒருவர்.